வேலையோடு வந்த மருத்துவம்: பாலக்காடு, இடுக்கி எல்லைப் பகுதித் தமிழரின் நலவாழ்வு வரலாறு

முன்னுரை

கேரள மாநிலத்தின் நலவாழ்வு முன்னேற்றம் உலக அறிஞர் பலரின் கவனத்தைப் பெற்ற ஒன்றாகும். திருவனந்தபுரத்திலுள்ள வளர்ச்சி ஆய்வு மையம் ஐக்கிய நாடுகள் அவைக்காக மேற்கொண்ட ஆய்வு 1975 இல் வெளிவந்தது. அதன்பின், வருவாய் குறைந்த ஒரு நிலப்பகுதி கல்வியாலும் பொது மருத்துவத்தாலும் குழந்தை இறப்பைக் குறைத்து மக்களின் வாழ்நாளை நீட்டிக்க முடியும் என்பதற்குக் கேரளம் எடுத்துக்காட்டாகக் கூறப்பட்டு வருகிறது. ஆயினும் இப்பெருமை மாநிலத்தின் எல்லா நிலங்களுக்கும் ஒரே அளவில் பொருந்துவதன்று. மேற்குத் தொடர்ச்சி மலையின் தோட்டங்களிலும் மலைச்சிற்றூர்களிலும் வாழும் தமிழ் மக்களின் மருத்துவ வரலாறு வேறொரு போக்கில் அமைந்துள்ளது.

பாலக்காடு, இடுக்கி ஆகிய இரு மாவட்டங்களும் அடுத்தடுத்து அமைந்தவை அல்ல. எனினும் இரண்டும் தமிழகத்தை எல்லையாகக் கொண்டவை. தமிழ் பேசும் உழைப்பாளரைப் பெருமளவில் கொண்டவை. இப்பகுதிகளில் மருத்துவ வசதி எவ்வாறு தோன்றியது, யாருக்குக் கிடைத்தது, யாருக்குக் கிடைக்கவில்லை என்பனவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது. மருத்துவம் பெறும் உரிமை இங்கு வாழிடத்தோடு இணைக்கப்படாமல் வேலையோடு இணைக்கப்பட்டது என்பதும், இன்றைய குறைபாடுகள் பலவற்றுக்கு அதுவே வேர் என்பதும் இக்கட்டுரையின் கருத்தாகும்.

மூன்று ஆட்சிகள்

1956 நவம்பர் 1 இல் கேரள மாநிலம் உருவாகும் முன் இந்நிலப்பகுதி மூன்று ஆட்சிகளின் வழிவந்தது. பாலக்காடும் அட்டப்பாடியும் சென்னை மாகாணத்தின் மலபார் மாவட்டத்தில் இருந்தன. சித்தூரும் நெல்லியாம்பதியும் கொச்சி அரசுக்கு உரியவை. தேவிகுளமும் பீர்மேடும் திருவிதாங்கூரைச் சார்ந்தவை.

திருவிதாங்கூர் அரசு பொதுச் சுகாதாரத்தில் முன்னோடியாக விளங்கியது. 1879 ஆம் ஆண்டின் அரச ஆணை அரசு ஊழியர், மாணவர், சிறைவாசிகள் ஆகியோருக்கு அம்மைத் தடுப்பூசியைக் கட்டாயமாக்கியது. 1920களின் இறுதியில் ராக்பெல்லர் அறக்கட்டளையின் சார்பில் வந்த மருத்துவர் ஜேகாக்ஸின் வழிகாட்டலில் கொக்கிப்புழு, மலேரியா முதலிய நோய்கள் பற்றிய ஆய்வுகள் நடைபெற்றன. 1933 இல் பொதுச் சுகாதாரத்துக்கெனத் தனித்துறை அமைந்தது. ஊரக நலவாழ்வுப் பணிக்கான முன்மாதிரி நிலையம் நெய்யாற்றின்கரையில் தொடங்கப்பெற்றது. அது திருவிதாங்கூரின் தென்பகுதிச் சமவெளி என்பது கருதத்தக்கது. உயர்மலைத் தோட்டங்களில் வாழ்ந்தோரின் மருத்துவப் பொறுப்பு பெரும்பாலும் தோட்ட நிறுவனங்களிடமே விடப்பட்டது.

சென்னை மாகாணத்தில் 1939 இல் பொதுச் சுகாதாரச் சட்டம் இயற்றப்பட்டது. திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில் 1955 இல் தனிச்சட்டம் வந்தது. மாநிலம் ஒன்றான பின்னரும் மலபார்ப் பகுதியில் சென்னைச் சட்டமும், தென்பகுதியில் திருவிதாங்கூர்-கொச்சிச் சட்டமும் தொடர்ந்து நடைமுறையில் இருந்தன. 2023 ஆம் ஆண்டுக் கேரளப் பொதுச் சுகாதாரச் சட்டமே இவ்விரண்டையும் நீக்கி மாநிலம் முழுமைக்கும் ஒரே சட்டத்தைத் தந்தது. ஆட்சி எல்லை மறைந்த பின்னும் அதன் சட்டத்தடம் 66 ஆண்டுகளுக்கு மேல் நிலைத்திருந்தது என்பதை இதனால் அறியலாம்.

மலையேற்றமும் நோயும்

1877 இல் ஜான் டேனியல் மன்றோ பூஞ்சாற்றுத் தலைவரிடமிருந்து கண்ணன்தேவன் மலைகளைப் பெற்றார். 1880இல் அங்குத் தேயிலை நடப்பட்டது. 1897 இல் கண்ணன்தேவன் மலை விளைபொருள் நிறுவனம் தோன்றியது. காட்டை அழித்துத் தோட்டமாக்கும் பணிக்கு மதுரை, திருநெல்வேலி, இராமநாதபுரம் மாவட்டங்களிலிருந்து தமிழர் கங்காணிகளால் அழைத்துவரப்பட்டனர். போடிநாயக்கனூர் வழியாகவும் கம்பம், குமுளி வழியாகவும் இவர்கள் மலையேறினர். அவர்களுள் ஒடுக்கப்பட்ட சாதியினர் மிகுதி.

மலைக்கு வந்தோரை முதலில் எதிர்கொண்டது நோய். பீர்மேட்டு எல்லைக்குள் 1887 முதல் 1895 வரை நடைபெற்ற முல்லைப் பெரியாறு அணைப்பணி இதற்குத் தெளிவான சான்றாகும். அப்பணியின் வரலாற்றை 1899 இல் நூலாக்கிய பொறியாளர் மெக்கன்சி, காய்ச்சலும் வாந்திபேதியும் பணியாளரை எவ்வாறு வாட்டின என்பதைப் பதிவு செய்துள்ளார். நூற்றுக்கணக்கானோர் அங்கு நோயால் மாண்டனர். அணையினருகே அவர்களின் இடுகாடு உள்ளது.

தோட்டங்களில் மலேரியா பரவியதற்கு இயற்கையும் மனிதச் செயலும் சேர்ந்தே காரணமாயின. தென்னிந்திய மலைகளில் மலேரியாவைப் பரப்பும் அனாபிலிஸ் வகைக் கொசு, மெல்ல ஓடும் தெளிந்த நீரோடைகளில் முட்டையிடுவது. தொழிலாளர் குடியிருப்புகளான லயங்கள் நீர்வசதி கருதி ஓடைகளின் அருகில் அமைந்தபோது கொசுவும் மனிதரும் அண்டை வீட்டாராயினர். நோய் எதிர்ப்பாற்றல் பெறாத சமவெளி மக்கள் ஆண்டுதோறும் புதிதாக வந்து சேர்ந்தமையால் காய்ச்சல் தணியாது தொடர்ந்தது. கழிப்பறை இல்லாமையும் ஈர மண்ணில் வெறுங்காலுடன் நடந்தமையும் கொக்கிப்புழு நோய்க்கு வழிவகுத்தன. அந்நோயால் விளைந்த குருதிச்சோகை பெண்களின் மகப்பேற்றைக் கடினமாக்கியது.

கங்காணி முறை இந்நிலையை மேலும் மோசமாக்கியது. தொழிலாளி முன்பணம் பெற்றே மலையேறினார். நோயுற்ற நாளுக்குக் கூலி இல்லை. கூலி இல்லாத நாளில் கடன் குறைவதில்லை. தொழிலாளியின் வருவாயை ஒட்டியே கங்காணியின் தரகும் அமைந்தமையால், படுத்திருப்பவரை எழுப்பி வேலைக்கு அனுப்புவதே அவருக்கு ஆதாயமாயிற்று. இந்நிலையை இலக்கியமாக்கியவர் ஒரு மருத்துவரே. பாலக்காட்டையும் இடுக்கியையும் இணைக்கும் ஆனைமலைத் தொடரின் தமிழகப் பகுதித் தோட்டங்களில் மருத்துவராகப் பணியாற்றிய பி.எச்.டேனியல், 1969 இல் ‘ரெட் டீ’ என்னும் ஆங்கில நாவலை வெளியிட்டார். இரா.முருகவேள் அதனை ‘எரியும் பனிக்காடு’ எனத் தமிழாக்கினார். டேனியல் தொழிற்சங்கப் பணியிலும் ஈடுபட்டவர். மருந்தால் மட்டும் தீராத நோய் என்னும் அவரது பட்டறிவே அந்நாவலுக்கு அடிப்படை எனலாம்.

சட்டம் தந்ததும் தராததும்

தோட்ட நிறுவனங்கள் காலப்போக்கில் மருத்துவமனைகளை நிறுவின. இதில் இரக்கத்தைவிடக் கணக்கே முதன்மை பெற்றது. நோயுற்றவரால் கொழுந்து பறிக்க இயலாது. மலேரியா பெருகிய தோட்டத்திற்கு ஆள் கிடைப்பதும் அரிது. ஆகவே கொய்னா வழங்கலும் சதுப்பு வடித்தலும் உற்பத்திச் செலவின் பகுதியாயின. டிரெசர், கம்பவுண்டர் ஆகியோரே பல தோட்டங்களில் நாள்தோறும் காணக்கிடைத்த மருத்துவப் பணியாளர்.

1946 இல் வெளிவந்த போர் குழுவின் அறிக்கை, பணம் செலுத்த இயலாமை காரணமாக எவருக்கும் மருத்துவம் மறுக்கப்படலாகாது என வலியுறுத்தியது. அக்குழுவில் ஆ. இலட்சுமணசாமி முதலியாரும் இடம்பெற்றிருந்தார். அவ்வறிக்கையின் நோக்கு குடிமக்கள் அனைவருக்குமான அரசு மருத்துவம். ஆனால் 1951 ஆம் ஆண்டுத் தோட்டத் தொழிலாளர் சட்டம் வேறு வழியில் சென்றது. தொழிலாளருக்கும் அவர்தம் குடும்பத்தினருக்கும் மருத்துவ வசதி அளிக்கும் கடமையை அது முதலாளியிடம் ஒப்படைத்தது. முதலாளி தவறினால் தலைமை ஆய்வாளர் அவ்வசதியைச் செய்து செலவை அவரிடம் வசூலிக்கலாம் எனவும் விதித்தது. நோய்க்கால உதவி, மகப்பேற்று உதவி, குழந்தைகள் காப்பகம் ஆகியனவும் சட்டத்தில் இடம்பெற்றன. கேரளம் 1959 இல் தனக்கான விதிகளை வகுத்தது.

இச்சட்டத்தின் பயனைக் குறைத்து மதிப்பிடலாகாது. முன்பு முதலாளியின் விருப்பமாக இருந்தது இப்போது தொழிலாளியின் உரிமையாயிற்று. 1953 இல் தொடங்கிய தேசிய மலேரியாக் கட்டுப்பாட்டுத் திட்டமும் மலைப்பகுதியின் நோய்ச்சுமையைக் குறைத்தது. ஆயின் சட்டத்தின் எல்லைகளும் அன்றே வகுக்கப்பட்டன. 1981 ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி தேயிலை, காப்பி, இரப்பர், சிங்கோனா, ஏலம் ஆகியன பயிரிடப்படும் நிலம் 5 ஹெக்டேரும் பணியாளர் 15 பேரும் இருந்தால்தான் சட்டம் தானே பொருந்தும். இதற்குட்பட்ட சிறுதோட்டங்களில் உழைப்போர் அதன் நிழலுக்கு வெளியே நின்றனர்.

மொழிவழி மாநில அமைப்பின் போதும் இதே நோக்கு வெளிப்பட்டது. தேவிகுளம், பீர்மேடு வட்டங்களைத் தமிழகத்துடன் இணைக்க வேண்டுமென நேசமணி தலைமையில் திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரசு போராடியது. தோட்டத் தொழிலாளர் வந்துபோகும் கூட்டத்தினரேயன்றி நிலையான குடிகள் அல்லர் என்னும் வாதம் அவ்விவாதத்தில் எதிர்த்தரப்பால் முன்வைக்கப்பட்டது. இரு வட்டங்களும் கேரளத்திலேயே நிலைத்தன. பல தலைமுறை வாழ்ந்தும் அவர்கள் முதலில் தொழிலாளராகவும் பின்னரே குடிமக்களாகவும் எண்ணப்பட்டனர்.

உரிமை அற்றுப்போகும் இடங்கள்

வேலையோடு பிணைந்த மருத்துவம், வேலை நிற்கும்போது தானும் நின்றுவிடுகிறது. தேயிலை விலை வீழ்ந்த 2000 ஆம் ஆண்டினை ஒட்டிப் பீர்மேட்டுப் பகுதியில் பல தோட்டங்கள் மூடப்பட்டன. அங்குக் கூலியோடு தோட்ட மருத்துவமும் ஒருசேர நின்றது. மக்கள் லயங்களிலேயே தொடர்ந்து வாழ்ந்தனர். நோய் வரும் வாய்ப்பு மிகுந்தபோது மருத்துவம் குறைந்தது என்பதே இதன் கொடுமை. ஓய்வு பெற்றோர் நிலையும் இத்தகையதே. வாழ்நாள் முழுவதும் மலையில் உழைத்துப் பெற்ற மூட்டுவலியும் மூச்சுத்திணறலும் முதுமையில் முதிரும்போது, தோட்ட மருத்துவமனையின் பட்டியலில் அவர்கள் பெயர் இருப்பதில்லை.

2015 செப்டம்பரில் மூணாற்றில் பெண் தொழிலாளர் நடத்திய ‘பெம்பிளை ஒருமை’ போராட்டம் போனசையும் கூலியையும் முன்னிறுத்தியது. உறைவிடம், மருத்துவம் ஆகியன பற்றிய மனக்குறைகளும் அதனுள் இருந்தன. 2020 ஆகஸ்டு 6 இரவில் இராசமலைப் பெட்டிமுடியில் நிகழ்ந்த நிலச்சரிவில் 70 பேர் மாண்டனர். அவர்களுட் பலர் கயத்தாற்றுப் பகுதியை வேராகக் கொண்ட தொழிலாளர் குடும்பத்தினர். தொலைத்தொடர்பு அறுந்ததும் பெரியவாரைப் பாலம் சிதைந்ததும் மீட்பையும் முதலுதவியையும் தாமதப்படுத்தின. பாதையும் பாலமும் பாதுகாப்பான வீடும் மருத்துவத்தின் உறுப்புகளே என்பதை அந்நிகழ்வு உணர்த்தியது.

உடும்பன்சோலை ஏலத்தோட்டங்களுக்கு நாள்தோறும் தேனி மாவட்டத்திலிருந்து ஜீப்புகளில் வந்து திரும்பும் பெண்களின் நிலை இன்னும் சிக்கலானது. போடிமெட்டு, கம்பம்மெட்டு, குமுளி ஆகிய வழிகளில் எல்லையைக் கடக்கும் இவர்கள், ஏலத்திற்குத் தெளிக்கப்படும் பூச்சிக்கொல்லியின் நடுவே உழைப்பவர்கள். உழைப்பு ஒரு மாநிலத்தில், குடும்ப அட்டை மற்றொரு மாநிலத்தில். தமிழகம் 2009 இலும் கேரளம் அதற்கு முந்தைய ஆண்டிலும் தொடங்கிய காப்பீட்டுத் திட்டங்கள் அவ்வம் மாநிலக் குடும்பங்களை அடிப்படையாகக் கொண்டவை. 2018 இல் வந்த ஆயுஷ்மான் பாரத் திட்டம் மாநிலம் கடந்த பயன்பாட்டை ஏற்றாலும், அது மருத்துவமனையில் சேர்ந்து பெறும் சிகிச்சைக்கு உரியது. நாட்பட்ட தோல் நோய்க்கும் இருமலுக்கும் நாள்தோறும் வேண்டிய புறநோயாளர் மருத்துவத்திற்கு அதில் இடமில்லை. 2020 இல் கொரோனா பரவியபோது எல்லைச் சாவடிகள் அடைபட்டன. வாளையாற்றில் மக்கள் காத்துக்கிடந்த காட்சி, இவ்வெல்லை வரைபடக்கோடு மட்டுமன்று என்பதைக் காட்டியது.

பழங்குடி மக்கள் வாழும் அட்டப்பாடியில் தோட்டச் சட்டம் பொருட்டன்று. அங்கு இருளர், முதுகர், குறும்பர் வாழ்கின்றனர். இருளர் மொழி தமிழுக்கு மிக நெருங்கியது. 2013 இல் அங்கு நிகழ்ந்த தொடர் சிசு மரணங்கள் நாட்டின் கவனத்தை ஈர்த்தன. தாய்மாரின் குருதிச்சோகையும் எடை குறைந்த பிறப்பும் உடனடிக் காரணங்கள். நிலமிழப்பும் மரபுவழிச் சிறுதானிய உணவு அருகியதும் அவற்றின் பின்னணி. அரசு ஊர்தோறும் சமுதாயச் சமையற்கூடங்களை அமைத்தது. கோட்டத்தறை மருத்துவமனையை வலுப்படுத்தியது. எனினும் கடினமான நோயாளர் மன்னார்க்காட்டு மலைப்பாதை வழியே இறங்கித் திருச்சூர் மருத்துவக் கல்லூரியை அடைய வேண்டியுள்ளது. ஆனைகட்டி வழியே கோயம்புத்தூர் அதனினும் அருகில் இருப்பினும், அது வேறு மாநிலம்.

மொழியும் மருத்துவமும்

நோயை எடுத்துரைக்கவும் மருந்துண்ணும் முறையை அறியவும் தாய்மொழி இன்றியமையாதது. 1969 ஆம் ஆண்டுக் கேரள ஆட்சிமொழிச் சட்டம் தமிழ், கன்னடச் சிறுபான்மையினர் தம் பகுதி அலுவலகங்களோடு தம் மொழியிலேயே தொடர்பு கொள்ளவும் அம்மொழியிலேயே விடைபெறவும் வழிசெய்துள்ளது. இவ்வுரிமை மடல்களோடு நின்றுவிடாமல் மருந்துச்சீட்டு விளக்கம், தடுப்பூசி அறிவிப்பு, காப்பீட்டுப் படிவம் ஆகியவற்றிற்கும் விரிய வேண்டும். அதுவே அச்சட்டத்தின் நோக்கத்திற்கு இயைந்த பொருள்கோளாகும்.

முடிவுரை

மூன்று ஆட்சிகளும் இந்த மக்களைத் தம் நலவாழ்வுத் திட்டங்களின் ஓரத்திலேயே வைத்தன என்பதும், அவ்விடைவெளியைத் தோட்ட நிறுவனம் நிரப்பியது என்பதும், 1951 ஆம் ஆண்டுச் சட்டம் அவ்வேற்பாட்டையே உரிமையாக உயர்த்தியது என்பதும் மேற்கூறியவற்றால் பெறப்படுகின்றன. அச்சட்டம் 2020 ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டத்தொகுப்புகளுள் அடக்கப்பட்டுள்ளது. அவற்றுள் சமூகப் பாதுகாப்புத் தொகுப்பு, தோட்ட முதலாளி விரும்பினால் தொழிலாளர் அரசுக் காப்பீட்டில் சேரலாம் என இசைவளிக்கிறது. விருப்பம் இன்னும் முதலாளியினுடையதாகவே இருப்பது கருதத்தக்கது.

ஒருவர் யாரிடம் வேலை செய்கிறார் என்பதை விடுத்து, எங்கு வாழ்கிறார், எங்கு நோயுற்றார் என்பவற்றை அடிப்படையாகக் கொண்டு மருத்துவம் வழங்கப்படும்போதுதான் மூடிய தோட்டத்தின் தாயும், ஓய்வு பெற்ற முதியவரும், எல்லை கடக்கும் கூலிப்பெண்ணும் சமநிலை எய்துவர். இரு மாநிலங்களும் எல்லை மாவட்ட மருத்துவமனைகளைப் பொதுவாகப் பயன்படுத்த உடன்பாடு காண்பது அதற்கு முதற்படியாகும். தமிழாய்வாளருக்கும் இதில் பணி உண்டு. தோட்ட மருத்துவமனைகளில் எஞ்சியுள்ள பதிவேடுகளும், லயங்களில் வழங்கும் ஒப்பாரிகளும் வாய்மொழிக் கதைகளும் முறையாகத் தொகுக்கப்பட்டால், சட்டங்களும் அறிக்கைகளும் கூறாது விட்ட நோயாளரின் குரல் வரலாற்றில் இடம்பெறும்.