சினிமா அம்மாவின் பிறந்த தேதி

பேங்க்கில் வேலை பார்க்கிறவனுக்கு யாரைப் பார்த்தாலும் பிறந்த தேதிதான் முதலில் ஞாபகம் வரும். சினிமா அம்மாக்களையும் நான் விடுவதில்லை. ஒரு சின்னக் கணக்கு போட்டுப் பார்க்கலாமா?

நான் குடியிருக்கும் மட்டாஞ்சேரியில் 'சினிமா அம்மா' என்றால் கவியூர் பொன்னம்மாதான். பிறந்தது 1945. 1965-ல் 'தொம்மன்டெ மக்கள்' படத்தில் சத்யனுக்கு அம்மா. சத்யன் பிறந்தது 1912! மகனைவிட முப்பது வயசுக்கு மேல் சின்னவர் அம்மா. அதே வருஷம் 'ஓடையில் நின்னு' படத்தில் அதே சத்யனுக்கு ஜோடி. 2024-ல் அவர் மறைந்தபோதும் மலையாளிகள் ஒரு அம்மா போய்விட்டதாகத்தான் அழுதார்கள்.

நம்ம ஊர்க் கதை மட்டும் என்னவாம்? எம்.எல்.வசந்தகுமாரியின் மகள் ஸ்ரீவித்யா 1953-ல் பிறந்தவர். ரஜினி 1950. 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் ரஜினிக்கு மனைவி, 'தளபதி'யில் (1991) அம்மா. பதினாறே வருஷத்தில் மனைவி அம்மாவாகிவிட்டார், ரஜினி ஹீரோவாகிவிட்டார்.

காரணம் ரொம்ப சிம்பிள். அந்த அம்மா இருந்ததே மகன் நல்லவன் என்று காட்டத்தான். தேவர் பிலிம்ஸ் எடுத்த 'தாய்க்குப்பின் தாரம்' (1956), 'தாய் சொல்லைத் தட்டாதே' (1961), 'தாயைக் காத்த தனயன்' (1962) மூன்றுக்கும் தலைப்பில் தாய். ஆனால் ஜனம் போனது எம்.ஜி.ஆரைப் பார்க்க.

சினிமாவுக்கு முன்னாலேயே இது உண்டு. இங்கே மட்டாஞ்சேரி அரண்மனை இருக்கிறதே, அந்தக் கொச்சி ராஜவம்சத்தில் மருமக்கத்தாயம். பட்டம் ராஜாவின் மகனுக்குப் போகாது, தாய்வழியில்தான் போகும். ஆனால் மண்டபத்துக்குள் போய்ப் பாருங்கள், வரிசையாக ராஜாக்களின் படங்கள். வம்சம் அம்மாவுடையது, படம் மகனுடையது!

சமீபத்தில்தான் கொஞ்சம் மாறியிருக்கிறது. 'கும்பளங்கி நைட்ஸ்' (2019) படத்தில் மகன்கள் போய்க் கூப்பிட்டும் அம்மா வீட்டுக்கு வர மறுக்கிறாள். 'சாராஸ்' (2021) நாயகி எனக்குக் குழந்தை வேண்டாம் என்று சொல்லி, கருவைக் கலைத்துவிட்டுத் தன் வேலையைப் பார்க்கிறாள். இரண்டையும் குடும்பம் குடும்பமாக உட்கார்ந்துதான் பார்த்தார்கள்.

சரி, இதில் நமக்கு என்ன? ஊரை விட்டு வந்த நம்மிடம் அம்மா பெரும்பாலும் போட்டோவாகத்தான் இருக்கிறாள். அன்னையர் தினம் வந்தால் அடுப்படியில் அவள் நிற்கிற படத்தை எடுத்து 'என் தெய்வம்' என்று ஸ்டேட்டஸ் போட்டுவிடுகிறோம். தெய்வம் என்றாகிவிட்டால் முழங்கால் வலியைப் பற்றிக் கேட்க வேண்டியதில்லை பாருங்கள்! வேலைக்குப் போகும் மனைவியையும் அந்தப் படத்தோடுதான் ஒப்பிடுகிறோம்.

நம் பிள்ளைகளுக்குப் பாட்டி என்றால் பார்சலில் வரும் ஊறுகாய். அவள் எதுவரை படித்தாள், யார் சொல்லிப் படிப்பை நிறுத்தினாள், எந்த ஊரைப் பார்க்க ஆசைப்பட்டாள்? இந்த ஞாயிற்றுக்கிழமை போனை ஸ்பீக்கரில் போட்டு, பிள்ளைகளையே கேட்கச் சொல்லுங்கள். நீங்களும் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள்.