சாவா மூவாப் பேராடு

சோழர் காலக் கல்வெட்டுகளைப் பயில்வோர் அடிக்கடி எதிர்கொள்ளும் தொடர் 'சாவா மூவாப் பேராடு' என்பதாகும். சாவும் மூப்பும் இல்லாத ஆடு உலகில் எங்கும் இல்லை. ஆயினும் கோயிலில் ஒரு நந்தா விளக்கு எரிவதற்கென 90 அல்லது 96 ஆடுகளை அளித்தோர் அவ்வாறே கல்லில் வெட்டுவித்தனர்.

முதலாம் இராசராசன் (கி.பி. 985–1014) எடுப்பித்த தஞ்சைப் பெருங்கோயிலில் இம்முறை விரிவாகக் காணப்படுகிறது. விளக்கு ஒன்றுக்கு 96 ஆடுகள். அன்றேல் 48 பசுக்கள். அன்றேல் 16 எருமைகள். அவற்றைப் பெற்ற இடையர் 'ஆடவல்லான்' என்னும் அளவைப்படி நாள்தோறும் உழக்கு நெய் அளக்க வேண்டும். உழக்காவது நாழியில் காற்பங்கு. ஆண்டுக்கு ஏறத்தாழ 91 நாழி; ஆடு ஒன்றுக்கு ஒரு நாழியினும் சற்றுக் குறைவு. அளவு சிறிதே, ஆயின் ஒருநாளும் தவறலாகாது.

மந்தையில் நோய் வரும், நரி புகும், மழை பொய்த்துப் புல் கருகும். கல்வெட்டு கூறும் எண்ணிக்கையோ குறைவதில்லை. இறந்த ஆட்டின் இடத்தைப் பிறந்த குட்டியால் நிரப்புவது இடையன் கடமை. மிகுந்த பெருக்கமே அவன் ஊதியம் என ஆய்வாளர் கருதுவர். 'சந்திராதித்தவல்' என்றமையால், அவன் காலத்திற்குப் பின் அப்பொறுப்பு மக்களைச் சார்ந்தது.

இவ்வொப்பந்தத்திலேயே ஓர் அறமும் அடங்கியுள்ளது. குட்டிக்குரிய பாலையும் நெய்க்கெனக் கறந்துவிடுபவன், அடுத்த ஆண்டின் மந்தையைத் தானே அழிக்கிறான். குட்டி வயிறார உண்டால்தான் விளக்கு எரியும். இரக்கமும் கணக்கும் இங்கு வேறாக நிற்கவில்லை.

அப்பொறுப்புணர்வின் தொடர்ச்சியை இன்றைய கிடை வழக்கிலும் காணலாம். இராமநாதபுரச் சீமையின் கீதாரிகள் தம் மந்தைகளைக் காவிரிப் படுகைக்கு ஓட்டிச் சென்று, அறுவடை முடிந்த வயல்களில் இரவுக்கிடை அமர்த்துகின்றனர். நிலத்துக்கு எரு, கீதாரிக்குக் கூலி. பக்கத்து வயலின் பயிரில் ஓர் ஆடும் வாய் வையாதபடி காப்பது மேய்ப்போர் பொறுப்பு; அக்காவல் தவறினால் மறுபருவம் அவ்வூரில் கிடைக்கு இடமிராது.

தஞ்சைக் கல்வெட்டுகளில் ஆடு பெற்ற இடையரின் பெயர்களும் ஊர்களும் பொறிக்கப்பட்டுள்ளன. புகழுக்காக அன்று, நெய்க்குப் பொறுப்பாளர் இன்னார் என அறிவிப்பதற்காகவே அவை வெட்டப்பட்டன. எனினும் ஆயிரம் ஆண்டு கடந்தும் அவை நிற்கின்றன. அதே தஞ்சை மண்ணில் கிடை அமர்த்தும் கீதாரியின் பெயரைத் தாங்கக் கல் ஏதும் இல்லை. நிலக்காரரிடம் அவர் கூறும் வாய்ச்சொல்லே பத்திரம். அதனைக் காப்பது அவர் விழித்திருக்கும் இரவு.