முதல் தொலைநோக்கி வாங்குமுன்

செந்தூலில் எம் மாணவர்களுக்காக நான் வாங்கிய முதல் தொலைநோக்கியின் பெட்டியில் ‘525 மடங்கு’ என்றிருந்தது. முக்காலியோ மெலிந்தது, நிலவு நடுங்கியது. பிள்ளைகள் ஏமாந்து திரும்பினர்.

பிறகே ஜான் டாப்சனைப் பற்றிப் படித்தேன். சான் பிரான்சிஸ்கோ வேதாந்த சங்கத்தின் துறவி அவர், கையில் காசில்லை. 1950களில் கப்பல் சாளரக் கண்ணாடியைத் தாமே தேய்த்து ஆடியாக்கினார், அட்டைக்குழாயில் பொருத்தினார். பின்னர் ஒட்டுப்பலகைப் பெட்டியையே தாங்கியாக்கினார். தொலைநோக்கியோடு வெளியே அலைகிறார் என்று குறை எழ, 1967இல் மடத்தைவிட்டு நீங்க நேர்ந்தது. மறு ஆண்டே அமைப்பொன்றைத் தொடங்கி, நடைபாதையில் வழிப்போவோருக்கெல்லாம் வானத்தைக் காட்டினார். மலிவான அந்த அமைப்பே ‘டாப்சோனியன்’.

ஆகவே பெற்றோர்களே, மடங்கைப் பாராதீர். ஆடியின் விட்டத்தையும் தாங்கியின் உறுதியையும் பாருங்கள். செந்தூலின் விளக்கொளி நிலவுக்கும் வியாழனுக்கும் தடையன்று. கலிலியோ 1610இல் வியாழனின் நிலவுகளைக் கண்டது ஏறத்தாழ 20 மடங்கில்தான்.