திரையில் நந்தனார் பிறந்த கதை

நாளை போவேன், நாளை போவேன் என்று தில்லையை, அதாவது சிதம்பரத்தை, நினைத்து ஏங்கிய, ஒடுக்கப்பட்ட குலத்தில் பிறந்த ஆதனூர் நந்தனாரை 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார் பாடினார். ஆனால் சினிமா எடுத்துக்கொண்டது அவருடைய நந்தனாரை அல்ல. 19ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதி கதாகாலட்சேபத்துக்காகக் கீர்த்தனைகளாகப் பாடிய நந்தனாரை. சிதம்பரம் போக உத்தரவு கொடுக்காமல் மிரட்டும் பண்ணையார் வேதியர் சேக்கிழாரின் பெரியபுராணத்தில் கிடையாது. அவர் பாரதியின் கற்பனை. அந்த மோதல் இருந்ததால்தான் கதைக்கு நாடகச் சூடு பிடித்தது. பாட்டோ ஏற்கெனவே ஊரெல்லாம் பரவியிருந்தது. படமுதலாளிக்கு வேறென்ன வேண்டும்?

1935இல் வந்த ‘பக்த நந்தனார்’ படத்தில் நந்தனாராக நடித்தவர் ஒரு பெண், கொடுமுடி கே.பி. சுந்தராம்பாள். 1933இல் கணவர் எஸ்.ஜி. கிட்டப்பா இறந்தபின் வெள்ளைச் சேலை உடுத்தி, மேடையை விட்டே ஒதுங்கியிருந்தார். கூப்பிட வந்தவர்களைத் தட்டிக்கழிக்கவே லட்ச ரூபாய் கேட்டார் என்பார்கள், அவர்கள் கொடுத்துவிட்டார்கள்! வேதியராக வந்தவர் மகாராஜபுரம் விஸ்வநாதய்யர். சங்கீத ஜாம்பவான்கள் இருவர் சேர்ந்தும் படம் எடுபடவில்லை. ஆனந்த விகடனில் விமர்சனம் எழுதிய கல்கி, பனைமரமும் எருமையும் ஆட்டுக்குட்டியும் நன்றாக நடித்திருப்பதாகப் பாராட்டினார். அதைவிடக் குரூரமான பாராட்டு தமிழ் சினிமாவுக்குக் கிடைத்ததில்லை.

வேடிக்கை என்னவென்றால், அதே விகடனின் அதிபர் எஸ்.எஸ். வாசன்தான் ஜெமினி ஸ்டூடியோவைத் தொடங்கி, 1942இல் அதே நந்தனாரை மறுபடி எடுத்தார். இயக்கம் முருகதாசா. வேதியர் செருகளத்தூர் சாமா. நந்தனார், எம்.எம். தண்டபாணி தேசிகர்.

சிறுத்தொண்டரின் ஊரான திருச்செங்காட்டங்குடியில் 1908இல் பிறந்தவர் தேசிகர். சுந்தராம்பாளுக்கும் அதே வயது. தேவாரம் பாடி வளர்ந்த குரல். பட்டினத்தார், தாயுமானவர், மாணிக்கவாசகர் என்று சினிமாவிலும் அடியார் வேடமாகவே தேடி வந்தது. முகவெட்டுக்காகக் கூப்பிட்டார்கள் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். அந்தக் காலத்து நடிகருக்குத் தொண்டைதான் மூலதனம். நந்தனாரில் அவர் உருகியது நடிப்பா, பாட்டா என்று பிரிக்க முடியாததால்தான் சுந்தராம்பாள் படம் தோற்ற இடத்தில் இது ஜெயித்தது என்பேன்.

பாரதிதாசன் கவிதை ஒன்றுக்குத் தேஷ் ராகத்தில் தேசிகர் போட்ட மெட்டு 1951இல் ‘ஓர் இரவு’ படத்தில் வந்து இன்றும் கச்சேரிகளில் ஒலிக்கிறது. நந்தனார் போய்ச் சேர்ந்த சிதம்பரத்துக்கே பிற்பாடு அவரும் வந்தார். அண்ணாமலைப் பல்கலைக்கழக இசைத் துறையில் பேராசிரியராக இருந்தார். 1972இல் காலமானார்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். சினிமா நந்தனார் கெஞ்சுகிறார், கண்ணீர் விடுகிறார். எதிர்த்து ஒரு வார்த்தை பேசுவதில்லை. அந்தப் படங்களுக்கெல்லாம் முன்பே, 1916இல், சுவாமி சகஜானந்தர் சிதம்பரத்தில் நந்தனார் பெயரால் ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் தொடங்கிவிட்டார். அந்த நந்தனாரைத் திரை கண்டுகொள்ளவில்லை.

1935 படத்தின் பிரதி இன்று கிடைப்பதில்லை. தேசிகரின் நந்தனார் இருக்கிறது. பார்க்காதவர்கள் பாட்டுக்காகவாவது ஒரு தடவை பாருங்கள்.