பெயருக்கு வாடகை

மலர்க் குழுவிலிருந்து போன் செய்து, "உங்கள் பேட்ச் சார்பில் ஏதாவது எழுதிக் கொடுங்கள், கவிதை மட்டும் வேண்டாம், ஏற்கெனவே பதினாறு வந்துவிட்டது" என்றார்கள். எனக்குக் கவிதை வராது என்பது அவர்களுக்குத் தெரியாது. ஆகவே வரலாறு எழுதுகிறேன். ராஜா ராணி வரலாறு அல்ல. நாம் எல்லோரும் தினமும் பத்துத் தடவையாவது உபயோகிக்கும் தேடுபொறியின் வரலாறு. அதிலும் ஒரே ஒரு கேள்விக்கான வரலாறு. கேள்வி என்னுடையதும் அல்ல.

ஹாஸ்டலில் என் பக்கத்து அறைக்காரன் இப்போது கோவையில் பம்ப் உதிரி பாகங்கள் செய்கிறான். அவன் அப்பா ஆரம்பித்த பட்டறை. சென்ற ஆண்டு ஒரு கல்யாணத்தில் பார்த்தபோது, பந்தியில் உட்கார்ந்தபடியே செல்போனில் கிரெடிட் கார்டு கணக்கைக் காட்டினான். தேடுபொறி விளம்பரத்துக்கு மாதாமாதம் பணம் போகிறது. அதில் பாதிக்கு மேல் எதற்குத் தெரியுமா? அவன் கம்பெனியின் சொந்தப் பெயருக்கு! யாராவது அந்தப் பெயரை டைப் செய்து தேடினால், மேலே முதலில் வருவது போட்டிக் கம்பெனியின் விளம்பரம். அதை முந்துவதற்கு இவன் காசு கட்ட வேண்டியிருக்கிறது.

"எங்கப்பா வெச்ச பேருடா மாப்ள. அதுக்கு நான் எதுக்குடா மாசாமாசம் வாடகை கட்டணும்?" என்றான்.

பாயசம் வந்துவிட்டதால் அப்போதைக்குத் தப்பித்தேன். ஆனால் கேள்வி விடவில்லை. நான் மெக்கானிக்கல் படித்தவன். ஒரு இயந்திரம் ஏன் இப்படி ஓடுகிறது என்று தெரிய வேண்டுமானால் அதைக் கழற்றிப் பார்க்க வேண்டும். கழற்றிப் பார்த்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

வரிசையில் முன்னால் நிற்கும் ஆசை கம்ப்யூட்டருக்கு முந்தியது. டெலிபோன் டைரக்டரிகளின் மஞ்சள் பக்கங்களில் பெயர்கள் அகர வரிசையில் வரும் என்பதற்காக அமெரிக்காவில் கடைக்காரர்கள் தங்கள் கடைக்கு 'ஏ ஏ ஏ' என்று ஆரம்பிக்கும் பெயர்களைச் சூட்டினார்கள். பூட்டு ரிப்பேர் கடைக்கு எதற்கு மூன்று ஏ? முதலில் வருவதற்கு. அவ்வளவுதான்.

இண்டர்நெட்டில் முதல் தேடுபொறி என்று பலரும் சொல்வது ஆர்ச்சி. 1990-இல் கனடாவின் மெக்கில் பல்கலைக்கழகத்தில் ஆலன் எம்டாஜ் என்ற மாணவர் எழுதியது. அது கோப்புகளின் பெயரை மட்டுமே தேடும். 1994-இல் ஸ்டான்ஃபோர்டு மாணவர்கள் ஜெர்ரி யாங், டேவிட் ஃபைலோ இருவரும் தங்களுக்குப் பிடித்த இணையத் தளங்களைக் கையால் தொகுத்த பட்டியல்தான் யாஹூ ஆனது. அது டைரக்டரி, மனிதர்கள் பார்த்துப் பார்த்து இனம் பிரித்துச் சேர்த்தது. அங்கேயும் அகர வரிசைதான், ஆகவே அங்கேயும் 'ஏ ஏ ஏ' வந்து உட்கார்ந்துகொண்டது. 1999-இல் வியாபாரத் தளங்களைச் சீக்கிரம் பரிசீலிப்பதற்கு யாஹூ 199 டாலர் கட்டணம் வைத்தது. காசு முதன்முதலில் வரிசைக்குப் பக்கத்தில் வந்து நின்ற இடங்களில் இதுவும் ஒன்று.

இதற்கிடையில் 1995 டிசம்பரில் டிஜிட்டல் எக்விப்மெண்ட் கார்ப்பரேஷன் என்ற கம்ப்யூட்டர் கம்பெனி ஆல்டாவிஸ்டா என்ற தேடுபொறியை வெளியிட்டது. அதன் வேகத்தைப் பற்றி அன்று எல்லோரும் பேசினார்கள். என்னைக் கேட்டால், அதைவிடப் பெரிய உபகாரம் அது விட்டுச்சென்ற பதிவேடுதான். ஆறு வாரங்களில் வந்த சுமார் 100 கோடி தேடல்களை கிரெய்க் சில்வர்ஸ்டீன், மோனிகா ஹென்சிங்கர் முதலிய ஆராய்ச்சியாளர்கள் அலசினார்கள். கிடைத்தது என்ன? ஜனங்கள் சராசரியாக இரண்டே முக்கால் வார்த்தைகூட டைப் செய்வதில்லை, 2.35 வார்த்தைதான். 85 சதவீதத் தேடல்களில் முதல் திரையைத் தாண்டிப் போவதே இல்லை. கேட்டது கிடைக்கவில்லை என்றாலும் அடுத்த பக்கம் புரட்டுவோர் அபூர்வம்.

நண்பர்களே, இந்த 85 சதவீதம்தான் கதையின் அச்சாணி. இதன்பின் நடந்ததெல்லாம் இந்தப் பழக்கத்துக்கு யார் விலை வைப்பது என்ற போட்டிதான்.

அதே ஆல்டாவிஸ்டாவில் வேலை பார்த்த ஆண்ட்ரே பிரோடர் 2002-இல் இன்னொரு விஷயத்தை வெளிக்கொண்டு வந்தார். தேடுகிறவர்கள் எல்லோரும் தெரியாததைத் தேடுவதில்லை. தகவல் தேடுவோர் ஒரு ரகம், ஏதாவது வாங்கவோ இறக்கிக்கொள்ளவோ வருவோர் ஒரு ரகம். மூன்றாவது ரகம், போக வேண்டிய இடம் தெரிந்தே வருகிறவர்கள். முகவரியை முழுக்க டைப் செய்யச் சோம்பல், அதனால் கம்பெனி பெயரைத் தேடல் பெட்டியில் போடுகிறார்கள். இந்த மூன்றாவது ரகம் அவர் கணக்கில் ஐந்தில் ஒரு பங்கு முதல் நாலில் ஒரு பங்கு வரை.

என் நண்பனின் வாடிக்கையாளர் அந்த ரகம். கடை எங்கே என்று தெரியும். வழிகாட்டியைக் கேட்டுக்கொண்டு வருகிறார், அவ்வளவுதான். வழிகாட்டி அவரை எதிர்க்கடைக்குள் ஒரு எட்டு எட்டிப் பார்க்க வைக்கிறார்.

இனி விலைக்கு வருவோம். 1998-இல் கலிஃபோர்னியாவில் பில் கிராஸ் என்பவர் கோடூ டாட் காம் என்று ஒரு தேடுபொறி தொடங்கினார். பிற்பாடு ஓவர்ச்சூர் என்று பெயர் மாறியது. யார் அதிகம் காசு கொடுக்கிறார்களோ அவர்கள் மேலே. கிளிக்குக்கு ஒரு செண்டிலிருந்து ஏலம் ஆரம்பம். எல்லோரும் முகம் சுளித்தார்கள். ஆனால் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்: ஒவ்வொரு முடிவுக்கும் பக்கத்திலேயே அந்த விளம்பரதாரர் கொடுக்கும் தொகையை அவர்கள் அச்சிட்டிருந்தார்கள். காசுக்குத்தான் இந்த இடம் என்று மறைக்காமல் சொன்ன தேடுபொறி அது. அந்த நேர்மை எனக்குப் பிடித்திருக்கிறது.

அதே 1998-இல் ஸ்டான்ஃபோர்டு மாணவர்கள் லாரி பேஜ், செர்கே பிரின் இருவரும் ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன் நகரில் நடந்த மாநாட்டுக்கு ஒரு கட்டுரை கொடுத்தார்கள். ஒரு பக்கத்தை எத்தனை பக்கங்கள் சுட்டுகின்றன, சுட்டுகிறவர்களின் மதிப்பு என்ன என்று பார்த்து வரிசைப்படுத்தும் பேஜ்ரேங்க் முறை அதில் இருக்கிறது. 2 கோடியே 40 லட்சம் பக்கங்களைக் கொண்ட மாதிரிப் பொறி. கட்டுரையின் பின்னிணைப்பை அதிகம் பேர் படிப்பதில்லை. விளம்பரத்தில் பிழைக்கும் தேடுபொறி, தேடுகிறவன் பக்கம் நிற்காமல் விளம்பரதாரன் பக்கம் சாய்ந்துவிடும் என்று அங்கே அவர்களே எச்சரிக்கிறார்கள்! அவர்கள் தந்த உதாரணம்: தங்கள் பொறியில் செல்போன் என்று தேடினால், வண்டி ஓட்டும்போது செல்போன் பேசினால் கவனம் சிதறும் என்ற ஆராய்ச்சி மேலே வருகிறது, செல்போன் விளம்பரத்தில் பணம் வாங்கும் தேடுபொறி அந்தப் பக்கத்தைக் காட்டக் கஷ்டப்படும்.

எழுதியவர்களே 2000 அக்டோபரில் ஆட்வேர்ட்ஸ் என்ற விளம்பரச் சேவையைத் தொடங்கினார்கள். பாவம், கம்பெனி நடக்க வேண்டாமா? ஆரம்பத்தில் எத்தனை பேர் பார்த்தார்கள் என்பதற்குக் காசு. 2002 பிப்ரவரியில் அதையும் ஏலமாக்கினார்கள். இங்கேதான் ஒரு எஞ்சினியர் ரசிக்க வேண்டிய வேலை இருக்கிறது, கொஞ்சம் விவரமாகச் சொல்கிறேன்.

கூகுள் ஏலத் தொகையை மட்டும் பார்க்கவில்லை. விளம்பரத்தை எத்தனை பேர் தட்டுகிறார்கள் என்பதையும் சேர்த்துப் பெருக்கியது. 'அ' ஒரு கிளிக்குக்கு 20 ரூபாய் கேட்கிறார், 100 பேர் பார்த்தால் ஒருவர் தட்டுகிறார்: வரும்படி 20. 'ஆ' பத்து ரூபாய்தான் கேட்கிறார், ஆனால் நாலு பேர் தட்டுகிறார்கள்: வரும்படி 40. ஆகவே 'ஆ' மேலே. இன்னொரு விசேஷம், 'ஆ' தன் பத்து ரூபாயை முழுக்கக் கொடுக்க வேண்டாம். 'அ'வை மிஞ்சுவதற்கு எவ்வளவு தேவையோ அவ்வளவு, அதாவது ஐந்து ரூபாய்க்குச் சற்று மேல் கொடுத்தால் போதும். தட்டத் தகுந்த விளம்பரத்துக்கு விலை குறைவு. உபயோகமில்லாத விளம்பரத்துக்கு விலை அதிகம். அருமையான கணக்கு. 2001-இல் 8.6 கோடி டாலராக இருந்த வருமானம் 2004-இல் 319 கோடி டாலராக ஏறியது. ஓவர்ச்சூர் தன் காப்புரிமையை மீறிவிட்டதாக 2002-இல் வழக்குப் போட்டது. ஓவர்ச்சூரை வாங்கியிருந்த யாஹூவுக்கு 2004-இல் 27 லட்சம் பங்குகளைக் கொடுத்து கூகுள் அதைத் தீர்த்துக்கொண்டது.

இந்தக் கணக்கை நண்பனின் பெயருக்குப் போட்டுப் பாருங்கள். அவன் பெயரைத் தேடி வருகிறவர் அவன் விளம்பரத்தைத்தான் தட்டுவார், ஆகவே அவனுக்குக் கிளிக் மலிவுதான். ஆனால் அவன் கொடுக்கும் தொகையை நிர்ணயிப்பது யார்? கீழே நிற்கும் போட்டியாளர். அவர் ஏலத்தை ஒரு ரூபாய் கூட்டினால், இவன் ஒன்றுமே செய்யாமல் இவன் வாடகை ஏறும். வீட்டுக்காரர் வாடகை ஏற்றுவதைக் கேட்டிருக்கிறோம். எதிர்வீட்டுக்காரர் ஏற்றுவதை இங்கேதான் பார்க்கிறேன்.

"கோர்ட்டுக்குப் போக முடியாதா?" என்று அவன் கேட்டான். போயிருக்கிறார்கள், அதுவும் நம் ஊரிலேயே. பாரத் மேட்ரிமோனி நடத்தும் கான்சிம் இன்ஃபோ நிறுவனம், தமிழ் மேட்ரிமோனி போன்ற தன் பெயர்களைத் தேடும்போது போட்டியாளர்களின் விளம்பரம் வருகிறது என்று 2009-இல் சென்னை உயர்நீதிமன்றத்தில் கூகுள்மீதும் போட்டி நிறுவனங்கள்மீதும் வழக்குப் போட்டது. 2010 செப்டம்பரில் நீதிபதி வி. ராமசுப்பிரமணியன் இடைக்காலத் தடை கொடுக்க மறுத்தார். தமிழ் என்பதும் கல்யாணம் என்பதும் எல்லோருக்கும் பொதுவான சொற்கள். அந்தத் தொழிலில் இருக்கும் வேறொருவரும் அவற்றைச் சொல்லித்தானே ஆக வேண்டும் என்ற ரீதியில் போனது தீர்ப்பு. அதே ஆண்டு மார்ச்சில் ஐரோப்பிய நீதிமன்றமும், லூயி விட்டோன் கைப்பை கம்பெனி தொடர்ந்த வழக்கில், பெயரைத் தேடல் சொல்லாக விற்பதால் மட்டும் கூகுள் வர்த்தகச் சின்னத்தை மீறியதாகாது என்றது. 2023 ஆகஸ்டில் தில்லி உயர்நீதிமன்றம் கொஞ்சம் நகர்ந்தது: பெயரைத் தேடல் சொல்லாக வைப்பதும் அந்தச் சின்னத்தை உபயோகிப்பதுதான், ஆனால் வாடிக்கையாளர் குழம்பினால்தான் குற்றம். கூகுள் இதில் வெறும் பார்வையாளர் அல்ல என்றும் சொன்னது. பெயர் பொதுச்சொல்லாக இல்லாமல் அப்பா வைத்த சொந்தப் பெயராக இருந்தால் நண்பனுக்கு வாதம் பலமாக இருக்கலாம். ஆனால் வக்கீல் பீஸ் எத்தனை மாத வாடகை?

சரி, கட்டாமல் விட்டால் என்ன ஆகும்? இதையும் சோதித்திருக்கிறார்கள். 2012-இல் ஈபே நிறுவனம் தன் பெயருக்கான விளம்பரத்தை யாஹூவிலும் மைக்ரோசாஃப்ட் தேடுபொறியிலும் நிறுத்திப் பார்த்தது. விளம்பரம் வழியாக வந்துகொண்டிருந்த கூட்டத்தில் 99.5 சதவீதம், கீழே இருந்த சாதாரண இணைப்பு வழியாக அப்படியே வந்து சேர்ந்தது! அதுவரை கொட்டிய காசு வீண். இதைப் படித்ததும் நண்பனுக்குப் போன் போட்டேன். "பாத்தியா, நான் அப்பவே சொன்னனில்ல" என்று குதித்தான். உடனே நிறுத்தப் போனவனை, இரு இரு என்று நான்தான் பிடித்து நிறுத்தினேன். ஏனென்றால் அடுத்த ஆராய்ச்சியையும் படித்திருந்தேன். ஆண்ட்ரே சிமோனோவ், கிறிஸ் நோஸ்கோ, ஜஸ்டின் ராவ் மூவரும் பிங் தேடுபொறியில் ஆயிரக்கணக்கான கம்பெனிப் பெயர்களை வைத்துச் சோதனை செய்து 2018-இல் வெளியிட்டது. போட்டியாளர் விளம்பரம் செய்யாத பெயர் என்றால் ஈபே சொன்னது பெரும்பாலும் சரி. போட்டியாளர் செய்கிறார், பெயருக்குச் சொந்தக்காரர் விளம்பரத்தை எடுத்துவிட்டார் என்றால், கிளிக்குகளில் 18 முதல் 42 சதவீதம் வரை போட்டியாளருக்குப் போகிறது. சொந்தக்காரர் மேலே இருந்தால் 1 முதல் 5 சதவீதம்தான் போகிறது.

ஆக, ஈபே கட்ட வேண்டாம். நம் பட்டறைக்காரன் கட்ட வேண்டும். பெரிய பெயருக்கு வாடகை இல்லை, சின்னப் பெயருக்கு உண்டு.

2024 ஆகஸ்டில் அமெரிக்க நீதிபதி அமித் மேத்தா, தேடலில் கூகுள் சட்ட விரோதமாக ஏகபோகத்தைக் காத்துவந்தது என்று தீர்ப்பளித்தார். தேடல் விளம்பர விலையைப் போட்டிக்குப் பயப்படாமல் ஏற்ற முடிந்தது என்பதும் தீர்ப்பில் இருக்கிறது. அந்த ஆண்டு தேடல் வகையில் மட்டும் அவர்கள் வருமானம் 19,800 கோடி டாலர். அதில் எத்தனை பங்கு, மக்கள் தெரிந்த கடையின் பெயரைத் தேடியதற்கு வந்தது என்று யாராவது கணக்கெடுத்தால் நான் முதல் ஆளாக வாங்கிப் படிப்பேன். இப்போது தேடினால் செயற்கை அறிவே பதில் எழுதி மேலே வைக்கிறது. அது வந்த பக்கங்களில் மக்கள் கீழேயுள்ள இணைப்பைத் தட்டுவது பாதியளவுக்குக் குறைந்திருப்பதை, பியூ ஆராய்ச்சி நிலையம் 2025-இல் சுமார் 900 அமெரிக்கர்களை வைத்துப் பார்த்து எழுதியது. சாதாரண இணைப்பு இன்னும் கீழே இறங்குகிறது என்று அர்த்தம்.

நண்பன் இன்னும் கட்டிக்கொண்டுதான் இருக்கிறான். கேள்விக்குப் பதில் சொன்னேன். பதில் பிடிக்கவில்லை, புரிகிறது என்றான். பழைய வாடிக்கையாளர்களுக்கு இப்போது பில்லிலும் காலண்டரிலும் இணைய முகவரியைப் பெரிதாக அச்சிட்டு, "இதையே டைப் பண்ணுங்க" என்று சொல்லி அனுப்புகிறானாம். நம் கல்லூரிக்காரர்களிடம் எனக்கு ஒரு விண்ணப்பம். கம்பெனி பெயரை இங்கே போடவில்லை, எங்கள் பேட்சில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். பம்புக்குச் சாமான் வேண்டுமென்று அவன் பெயரைத் தேடினால், மேலே வரும் அவன் விளம்பரத்தைத் தட்டாதீர்கள். கொஞ்சம் கீழே இறக்கினால் அவன் தளமே சும்மா கிடக்கும், அதைத் தட்டுங்கள். ஒரு கிளிக் காசு மிச்சம்.