தடம் எண் 62: பூந்தமல்லியையும் செங்குன்றத்தையும் சேர்த்த பஸ்



"மெட்ரோ பூந்தமல்லிக்கே வரப்போகுது டீச்சர், இனிமே நம்ம பக்கம் பஸ்ஸுக்கு என்ன வேலை?" என்று பழைய மாணவர் ஒருவர் குழுவில் கேட்டிருந்தார். நல்ல கேள்வி. ஒரு வரியில் பதில் சொல்ல முடியாததால் இந்த நீளமான பதிவு. பொறுமையாகப் படியுங்கள்.

ஒரு தாளில் நம் பகுதியை வரைந்து பாருங்கள். பூந்தமல்லி பெங்களூர் போகும் சாலையில் இருக்கிறது. அம்பத்தூரும் ஆவடியும் திருவள்ளூர் நெடுஞ்சாலையில் இருக்கின்றன. செங்குன்றம் கொல்கத்தா போகும் ஜி.என்.டி. சாலையில். மூன்று சாலைகளும் நகரத்திலிருந்து விசிறிபோலப் பிரிந்து வருகின்றன. ரயிலும் அப்படித்தான். 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ஓடத் தொடங்கிய தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் பாதை ஆவடி வழியாகத்தான் போனது. ஆனால் பூந்தமல்லிக்கோ செங்குன்றத்துக்கோ ரயில் இல்லை. 1895 முதல் 1953 வரை சென்னையில் ஓடிய டிராமும் நகரத்துக்குள்ளேயே சுற்றி நின்றுவிட்டது.

ஆக, நகரத்துக்குப் போக வழி உண்டு. பக்கத்து ஊருக்குப் போக? அந்தக் குறையைத் தீர்த்தது 62. பூந்தமல்லியில் கிளம்பி, பருத்திப்பட்டு அருகே கூவத்தைத் தாண்டி, ஆவடி, திருமுல்லைவாயல், அம்பத்தூர் ஓ.டி. வழியாகச் செங்குன்றம் சேரும் பஸ். மற்ற பஸ்கள் எல்லாம் நகரத்தைப் பார்த்து ஓடின. பூந்தமல்லியிலிருந்து 54 பிராட்வேக்குப் போனது. 25ஜி அண்ணா சதுக்கம் போனது. ஆவடியிலிருந்து 40ஏ-வும் அண்ணா சதுக்கம்தான். 62 மட்டும் நகரத்தைத் தொடாமல் மூன்று நெடுஞ்சாலைகளையும் குறுக்கே இணைத்தது.

இப்படி ஒரு தடத்துக்குத் தேவை வந்தது தொழிற்சாலைகளால். 1949-இல் தொடங்கிய நிறுவனத்தின் டி.ஐ. சைக்கிள் தொழிற்சாலை அம்பத்தூரில் அமைந்தது. அடுத்து டன்லப் வந்தது. 1955-இல் ஆவடியில் காங்கிரஸ் மாநாடு கூடி, சோஷலிச பாணி சமுதாயம் என்ற தீர்மானத்தை நிறைவேற்றியதைப் பாடத்தில் படித்திருப்பீர்கள். அடுத்த பத்தே ஆண்டுகளில் அதே ஆவடியில் டாங்கி தொழிற்சாலை எழுந்து, 1965-இல் முதல் விஜயந்தா டாங்கி வெளிவந்தது. அதற்கு முந்தைய ஆண்டு, 1964-இல், அம்பத்தூர் தொழிற்பேட்டை உருவானது. வேலை நம் பக்கத்திலேயே வந்துவிட்டது. வேலை செய்பவர்கள் பூந்தமல்லியிலும் திருமுல்லைவாயலிலும் செங்குன்றத்திலும் இருந்தார்கள். சைக்கிள் மிதித்து வந்தவர்கள் போக, மற்றவர்களுக்குப் பஸ்தான் கதி.

பஸ் யாருடையது என்பதும் முக்கியம். 1947-இல் சென்னை அரசு 30 பஸ்களோடு நகரப் போக்குவரத்தைத் தானே நடத்தத் தொடங்கியது. 1972 ஜனவரி 1 அன்று பல்லவன் போக்குவரத்துக் கழகம் பிறந்தது. நம் தலைமுறை இன்றும் 'பல்லவன்' என்றுதான் சொல்கிறோம். 1994-இல் அதிலிருந்து அம்பேத்கர் பெயரில் ஒரு கழகம் பிரிந்தது. 1997-இல் இரண்டுக்கும் மாநகர் போக்குவரத்துக் கழகம் என்று பெயர் மாறி, 2001-இல் மீண்டும் ஒன்றாயின. பெயர் எத்தனை மாறினாலும் பஸ் பொதுச் சொத்தாகவே இருந்தது. தனியார் முதலாளி கூட்டம் நிறைந்த தடத்தைத்தான் தேடுவார். அது அவர் தொழில். காலையும் மாலையும் நிரம்பி, மதியத்தில் காலியாக ஓடும் ஒரு குறுக்குத் தடத்தை விடாமல் நடத்த, லாபத்தை மட்டும் பார்க்காத ஒரு கை வேண்டும்.

அந்தத் தடத்தில் யார் போனார்கள்? ஷிப்டு முடிந்த தொழிலாளர்கள், செங்குன்றம் அரிசி ஆலைகளுக்குப் போனவர்கள், ஆடி மாதத்தில் திருவேற்காடு கருமாரியம்மனைப் பார்க்க இடையில் பஸ் மாறியவர்கள். எல்லோரையும் விட, பள்ளிப் பிள்ளைகள். ஓர் ஆசிரியராக இதை அழுத்திச் சொல்வேன். எட்டாம் வகுப்போடு ஒரு பெண்ணின் படிப்பு நிற்குமா, பன்னிரண்டு வரை போகுமா என்பதை மதிப்பெண் மட்டும் முடிவு செய்வதில்லை. "பஸ் உண்டா? இருட்டுவதற்குள் வீடு திரும்ப முடியுமா?" என்றுதான் பெற்றோர் முதலில் கேட்பார்கள். இந்தக் கேள்விக்கு ஊரில் பதில் இருந்ததால் படித்து முன்னேறியவர்கள் உங்களில் எத்தனை பேர்!

2021 மே மாதம் முதல் சாதாரணக் கட்டண பஸ்களில் பெண்களுக்குக் கட்டணம் கிடையாது. தொழிற்பேட்டையின் ஆயத்த ஆடை நிறுவனங்களுக்குப் போகும் பெண்களைக் கேட்டுப் பாருங்கள். இரண்டு பஸ் மாறிப் போகிறவருக்கு ஒரு நாளில் நான்கு டிக்கெட் மிச்சம். ஆனால் பஸ் வந்தால்தானே அந்தச் சலுகை! முக்கால் மணி நேரம் நின்று, கடைசியில் ஷேர் ஆட்டோவில் ஏறினால் மிச்சமான காசு அங்கே போய்விடும்.

இன்று அம்பத்தூர் சென்னை மாநகராட்சியோடு சேர்ந்துவிட்டது (2011). ஆவடி தனி மாநகராட்சி (2019). பூந்தமல்லி ஒரு நகராட்சி. நிர்வாகம் நம்மைப் பிரித்தே வைத்திருக்கிறது. மக்களின் வாழ்க்கையோ ஒன்றாகவே கலந்து கிடக்கிறது.

இப்போது அந்த மாணவரின் கேள்விக்கு வருகிறேன். மெட்ரோ வரட்டும், மகிழ்ச்சிதான். ஆனால் கலங்கரை விளக்கத்தையும் பூந்தமல்லியையும் இணைக்கும் அந்தப் பாதையும் விசிறியின் இன்னொரு கம்பிதான். மெரினாவுக்குப் போக அது உதவும். பூந்தமல்லிப் பெண் ஆவடிக்கு வேலைக்குப் போகவும், திருமுல்லைவாயல் பையன் செங்குன்றம் போகவும் அது உதவாது. குறுக்கே போகிறவர்களுக்கு இன்றும் பஸ்தான். உங்களில் சிலர் இன்று திட்டமிடும் பொறுப்புகளில் இருக்கிறீர்கள். வரைபடத்தில் நகரத்தை நோக்கிய கோடுகளைப் போடும்போது குறுக்குக் கோடுகளையும் மறக்காதீர்கள்.

62-இல் போனவர்கள் எந்த ஸ்டாப்பில் ஏறினீர்கள், எந்த ஆண்டு, எதற்காகப் போனீர்கள் என்று கீழே எழுதுங்கள். நம் பிள்ளைகளும் தெரிந்துகொள்ளட்டும்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்