காசியில் கலைந்த அவை

முறைப்படி அழைக்கப்பெற்று வந்தவரே அவைக்கு அயலாராகிவிடுவதும் உண்டு. 1916 பிப்ரவரி 6 அன்று காசி மாநகரில் அவ்வாறு ஒன்று நிகழ்ந்தது.

பண்டித மதன் மோகன் மாளவியாவின் அருமுயற்சியால் உருவான இந்துப் பல்கலைக்கழகத்திற்கு வைசிராய் ஹார்டிஞ்ச் பிரபு பிப்ரவரி 4இல் அடிக்கல் நாட்டினார். அதனையொட்டிய சொற்பொழிவு ஒன்றுக்குத் தர்பங்கா மகாராஜா தலைமை ஏற்றார். சமஸ்தானாதிபதிகள் வைரமும் முத்தும் ஒளிர வீற்றிருந்தனர். சென்னை அடையாற்றிலிருந்து பணியாற்றி வந்த அன்னி பெசன்ட் அம்மையாரும் மேடையில் இருந்தார். 1898இல் அவர் காசியில் நிறுவிய மத்திய இந்துக் கல்லூரியே பல்கலைக்கழகத்தின் கருவாய் அமைந்ததாகும்.

அவ்வவையில் கத்தியவார் பாணி எளிய உடையில் எழுந்தார் காந்தியடிகள். அவர் தென்னாப்பிரிக்காவிலிருந்து திரும்பி ஓராண்டே கடந்திருந்தது. ஓராண்டுக் காலம் கருத்துரையாது நாட்டைக் கண்டறியுமாறு கோகலே பணித்திருந்த விரதமும் அப்போதுதான் நிறைவுற்றிருந்தது.

இப்புனித நகரில் அயல்மொழியில் பேச நேர்ந்ததே இழிவு என்று தொடங்கினார். விசுவநாதர் ஆலயத்துச் சந்துகளின் அழுக்கைச் சுட்டினார். மன்னர்கள் தம் அணிகலன்களைக் களைந்து, அவற்றை மக்களுக்குரிய அறப்பொருளாகக் கருதினாலன்றி நாட்டுக்கு விடிவில்லை என்றார். மாளிகைகளுக்குச் செலவிடப்படும் பணம் உழவர்களிடமிருந்து வந்ததே என்றும் இடித்துரைத்தார்.

இவ்வளவையும் அவை பொறுத்துக்கொண்டது. வைசிராயின் பாதுகாப்பிற்கெனக் காசியெங்கும் நின்ற ஒற்றர்களையும், வெடிகுண்டு வீசும் இளைஞர்களையும் பற்றி அவர் பேசலானபோதுதான் பெசன்ட் அம்மையார் நிறுத்துமாறு இடைமறித்தார். 1912 டிசம்பரில் தில்லியில் ஹார்டிஞ்ச் மீது குண்டு வீசப்பட்ட நினைவு ஆறாத காலம் அது. காந்தியடிகள் வன்முறையைக் கண்டித்தே பேசினார். எனினும் அச்சம் பொருளை ஆராய்வதில்லை. மாணவர்கள் தொடருமாறு முழங்க, மன்னர்கள் வெளியேறினர், தலைவரும் எழுந்தார், உரை முற்றுப்பெறாமலே நின்றது.

தம் குறைகளைக் கேட்டு நாணியவர்கள் அமர்ந்திருந்தனர். ஆள்வோருக்கு அஞ்சியபோதே எழுந்தனர் என்பது கருதத்தக்கது.

முற்றுப்பெறாத அவ்வுரை வீணாகிவிடவில்லை. சில வாரங்களுக்குப் பின் காசிக்கு வந்த இருபது வயது இளைஞர் ஒருவர், அதனைப் பற்றி அறிந்து காந்தியடிகளுக்கு மடல் எழுதினார். அவ்வாண்டு ஜூன் 7இல் ஆமதாபாத் ஆசிரமத்தை அடைந்தார். அவரே ஆசாரிய வினோபா பாவே.

1942 ஜனவரியில் அப்பல்கலைக்கழக வெள்ளி விழாவிற்குக் காந்தியடிகள் மீண்டும் வந்தார். திருத்தணி தந்த டாக்டர் இராதாகிருஷ்ணன் அப்போது துணைவேந்தர். அயலாராய் நின்றவர் இப்போது நாட்டின் தலைவர். ஆயினும் ஆங்கில மோகத்தைப் பற்றிய அதே குறையையே அவர் மீண்டும் எடுத்துரைக்க நேர்ந்தது.

தமிழகத்திற்கு அப்பால் அவை கூட்டி மொழி வளர்க்கும் நாமும், நம் அவையில் எழுந்து நம் குறை உரைப்பவரை இறுதிவரை பேச விடுவோமாக!